முத்துக்குப் பின் எஞ்சிய பட்டியல்

1902 ஜனவரியில் வில்லியம் ஹெர்ட்மேன் கொழும்புக்கு வந்து சேர்ந்தார். லிவர்பூலில் இயற்கை வரலாற்றுப் பேராசிரியர். அப்போது அவருக்கு வயது 43. இலங்கை அரசு அவரிடம் கேட்டது ஒரே கேள்விதான்: மன்னார் வளைகுடாவின் முத்துச்சிப்பிகள் ஏன் காணாமல் போகின்றன? 1891க்குப் பிறகு இலங்கைப் பக்கத்தில் ஒரு முத்துக்குளிப்பும் நடந்திருக்கவில்லை. பார்கள் எனப்படும் கடலடித் திட்டுகளில் சிப்பிக்குஞ்சுகள் கோடிக்கணக்கில் வந்து படியும். முத்து விளையும் வயதுக்கு வருவதற்குள் ஒன்றும் இல்லாமல் போய்விடும். இதன் காரணத்தைக் கண்டறிய அழைக்கப்பட்டவர் முத்து ஆராய்ச்சியாளர் அல்லர். அவர் இளமை முதல் ஆழ்ந்து படித்த உயிர் கடற்பீச்சி. பாறையிலும் மரத்தூணிலும் கப்பலின் அடிப்பாகத்திலும் ஒட்டிக்கொண்டு வாழும், தொட்டால் நீரைப் பீய்ச்சியடிக்கும் உயிர் அது. விலங்கியல் நூல்கள் அதை அசிடியன் என்கின்றன. 1872 முதல் 1876 வரை உலகக் கடல்களைச் சுற்றிய சாலஞ்சர் கப்பல் திரட்டிய கடற்பீச்சிகளையும் அவற்றின் உறவினங்களையும் வகைப்படுத்தி, 1882 முதல் 1888 வரை மூன்று பகுதிகளாக அறிக்கை எழுதியவர் ஹெர்ட்மேன்.

மன்னார் முத்துப் பார்களைப் பற்றி அவர் அரசுக்குச் சொன்ன விடை முத்துத் தொழிலைக் காப்பாற்றவில்லை. முத்து எப்படி உருவாகிறது என்று அவரும் அவருடைய உதவியாளரும் சொன்ன விளக்கமும் நிலைக்கவில்லை. ஆனால் அதே பயணத்தில், எவரும் கேட்காமலே, சிப்பியோடு சேர்ந்து வலையில் ஏறிய மற்ற உயிர்களைப் பற்றி அவர் எழுதியதும் எழுதவைத்ததும் 120 ஆண்டுகளுக்குப் பிறகும் ஆய்வாளர்களுக்குக் கைகொடுக்கின்றன. வணிகம் விலைகொடுத்துக் கேட்டது அழிந்தது. வணிகம் மதிக்காதது தங்கியது. இதைத் தற்செயல் என்று தள்ளிவிட முடியாது. ஒரு கரையில் விலைபோகும் உயிரை மட்டும் எண்ணி, அதோடு ஒட்டி வாழும் உயிர்களை விட்டுவிட்டால், விலைபோகும் உயிரின் கதையும் நமக்குப் புரியாது என்பதற்கு மன்னார் வளைகுடா ஒரு நீண்ட சான்று.

முத்துத் தொழில் எவ்வளவு பழையது என்பதை விரித்துச் சொல்லத் தேவையில்லை. கொற்கை முத்தைப் பற்றிச் சங்கப் பாடல்கள் பேசுகின்றன. கி.பி. முதல் நூற்றாண்டின் கிரேக்கக் கடல்வழிக் குறிப்பு, அங்கே தண்டனை பெற்ற கைதிகள் முத்துக் குளித்தார்கள் என்று எழுதிவைத்திருக்கிறது. பாண்டியர், போர்த்துகீசியர், ஒல்லாந்தர், ஆங்கிலேயர் என்று கரையை ஆண்டவர்கள் மாறினாலும் குளித்தவர்கள் பெரும்பாலும் பரதவரும் கீழக்கரை முதலிய ஊர்களின் முஸ்லிம்களுமே. ஆங்கிலேயர் காலத்து இலங்கையில் அரபுக் குளியாளர்களும் சேர்ந்துகொண்டனர். கல்லைப் பிடித்துக்கொண்டு பத்துப் பதினைந்து மீட்டர் ஆழம் இறங்கி, ஏறத்தாழ ஒரு நிமிடம் மூச்சடக்கிச் சிப்பியை அள்ளிக்கொண்டு மேலே வருவார்கள். சுறாவை மந்திரத்தால் கட்டும் கடல்கட்டிக்கு அரசே கூலி கொடுத்தது. கரைக்கு வந்த சிப்பியை மூன்று குவியலாக்கி இரண்டை அரசு எடுத்துக்கொள்ளும், ஒன்று குளித்தவர்களுக்கு. அரசின் பங்கு ஆயிரம் ஆயிரமாக ஏலம் போகும். வாங்கியவர் சிப்பியை அழுகவிட்டு, புழு தின்றதுபோக எஞ்சியதைக் கழுவி முத்தைப் பொறுக்குவார். சதையும் ஓட்டின்மேல் வளர்ந்திருந்த எல்லா உயிரும் குப்பைதான். இந்த ஏற்பாட்டில் முத்தைத் தவிர வேறெதற்கும் கணக்கு வைக்க யாருக்கும் தேவை எழவில்லை. நூற்றாண்டுகளின் வருமானக் கணக்கு நம்மிடம் இருக்கிறது. அந்த வருமானம் எந்த உயிர்க்கூட்டத்தின் நடுவிலிருந்து வந்தது என்ற கணக்கு மட்டும் இல்லை.

ஹெர்ட்மேனும் அவருக்குத் துணையாக வந்த ஜேம்ஸ் ஹார்னலும் லேடி ஹேவ்லாக் என்ற நீராவிக் கப்பலில் பார் பாராகச் சென்றார்கள். பெரிய பார், செவல் பார், மோதரகம் பார், முத்துவரத்துப் பார் என்று குளியாளர்கள் வைத்திருந்த பெயர்களே அவர்களுக்கும் வரைபடம். கடலடியை வாரும் இழுவலையைப் போட்டும், குளியாளர்களை இறக்கியும் பார்த்தார்கள். அவர்கள் கண்டவற்றில் மிக முக்கியமானது பெரிய பாரின் நிலை. 1880 முதல் அந்தப் பாரில் சிப்பிக்குஞ்சுகள் பதினொரு முறையாவது படிந்திருந்தன. ஒரு முறைகூட அது முத்துக்குளிப்பு வரை வரவில்லை. கடல் திறந்து கிடக்கும் இடம். தென்மேற்குப் பருவக்காற்றின் நீரோட்டம் மணலைப் புரட்டிக் குஞ்சுகளை மூடியோ அடித்துக்கொண்டோ போய்விடும். மற்றப் பார்களில் நெரிசல், திருக்கை முதலான மீன்கள், நட்சத்திர மீன்கள் என்று காரணங்கள் கலந்திருந்தன. ஆகவே பெரிய பாரின் குஞ்சுகளை வாரி நல்ல பார்களுக்கு மாற்ற வேண்டும், குஞ்சுகள் பற்றிக்கொள்ளக் கல்லும் ஓடும் கடலடியில் பரப்ப வேண்டும், நெரிசலைக் குறைக்க வேண்டும் என்று ஹெர்ட்மேன் பரிந்துரைத்தார். அறிவுக்குப் பொருந்தும் பரிந்துரைகள்தாம்.

அடுத்து நடந்ததை இரண்டு விதமாக வாசிக்கலாம். 1903இல் முத்துக்குளிப்பு மீண்டும் தொடங்கியது. 4 கோடிக்கு மேல் சிப்பி கிடைத்தது, அரசுக்கு ரூ. 8 லட்சத்துக்கு மேல் வருமானம். 1905இல் 8 கோடிக்கு மேல் சிப்பி, ரூ. 25 லட்சம். அதற்கு முன் அவ்வளவு வந்ததில்லை. மறிச்சுக்கட்டியின் மணல்வெளியில் ஒரு பருவத்துக்காக ஒரு நகரமே எழுந்தது. அறிவியல் வென்றது என்று அப்போது நினைத்தவர்கள் பலர். ஆனால் 1903இல் எடுத்த சிப்பிகள் ஹெர்ட்மேன் வருவதற்கு முன்பே பாரில் படிந்து வளர்ந்தவை. அந்த ஆண்டுகளின் வளம் கடலின் கொடை. பரிந்துரையின் பலன் அன்று. அரசு அந்த வளத்தை நிரந்தரம் என்று நம்பி, 1906இல் ஆண்டுக்கு ரூ. 3,10,000 வீதம் 20 ஆண்டுகளுக்குப் பார்களை ஒரு லண்டன் கம்பெனிக்குக் குத்தகைக்கு விட்டது. கம்பெனி விஞ்ஞானிகளை வேலைக்கு வைத்தது, குஞ்சுகளை இடம் மாற்றியது. 1907க்குப் பிறகு பார்கள் வெறுமையாயின. 1912இல் கம்பெனி கலைக்கப்பட்டது. இலங்கையில் அடுத்த முத்துக்குளிப்பு 1925இல்தான் நடந்தது. முத்தின் பிறப்புக்கு ஒரு நாடாப்புழுவின் இளம்பருவமே கரு என்று ஹெர்ட்மேனும் ஹார்னலும் சொன்ன கொள்கையை லிஸ்டர் ஜேம்சன் 1912இலேயே மறுத்து எழுதினார். சிப்பியின் மேலுறைத் திசு உள்ளே சிக்கிப் பையாவதே முத்துக்கு அடிப்படை என்பதுதான் இன்று ஏற்கப்பட்ட விளக்கம். இவ்வாறு, பார்களின் அழிவுக்கும் முத்தின் பிறப்புக்கும் கிடைத்த விடைகள் இரண்டும் பத்தாண்டுக்குள் கைவிட்டுப் போயின.

எஞ்சியது அறிக்கை. 1903 முதல் 1906 வரை லண்டன் ராயல் சொசைட்டி ஐந்து தொகுதிகளாக அதை வெளியிட்டது. முத்துச்சிப்பியைப் பற்றிய பகுதி அதில் ஒரு பங்குதான். கடற்பஞ்சு, பவளம், புழு, நண்டு, சங்கு, கடற்பீச்சி என்று அந்தக் கடலடியின் உயிர்களை ஒவ்வொரு துறை வல்லுநரிடமும் கொடுத்து எழுதவைத்த 41 துணை அறிக்கைகள் அந்தத் தொகுதிகளை நிறைத்தன. கடற்பீச்சிகளைப் பற்றிய அறிக்கையை ஹெர்ட்மேனே எழுதினார். இன்று தூத்துக்குடியிலோ மண்டபத்திலோ ஒருவர் கடற்பஞ்சையோ கடற்பீச்சியையோ இனம் காண உட்கார்ந்தால் இந்தத் தொகுதிகளைப் புரட்டாமல் முடியாது. ஒரு நூற்றாண்டுக்கு முன் எந்தப் பாரில் எது இருந்தது என்று இவ்வளவு விரிவாகச் சொல்லும் சாட்சி வேறு இல்லை. பவளம் வெளுக்கிறது, நீர் சூடாகிறது என்று இப்போது கவலைப்படுகிறோம். முன்பு எப்படி இருந்தது என்று தெரியாமல் என்ன மாறியது என்று எப்படிச் சொல்வது?

கடற்பீச்சிகளில் தமிழ்நாட்டு மாணவர்களுக்கு மிகப் பழக்கமானதற்கு ஹெர்ட்மேனின் பெயரே அமைந்திருக்கிறது. ஹெர்ட்மேனியா என்ற பேரினப் பெயரை பிரெஞ்சு விலங்கியலார் லஹீல் 1888இல் சூட்டினார். 1936இல் எஸ். எம். தாஸ் இந்திய விலங்கியல் தனிநூல் வரிசையில் இந்த ஓர் உயிரைப் பற்றி மட்டும் முழு நூல் எழுதினார். அதன் பிறகு இந்தியக் கல்லூரிகளில் விலங்கியல் படித்த தலைமுறைகள் முதுகுநாணிகளின் தொடக்கத்தை ஹெர்ட்மேனியாவை வெட்டிப் பார்த்தே கற்றன. அது வாழும் முறை வியப்பானது. பாறையில் மட்டுமல்லாமல், உயிருள்ள சங்கின் ஓட்டின்மேலும் அது ஒட்டிக்கொண்டு வாழ்கிறது. சங்கு வாழ்வது மணலில். கடற்பீச்சிக்குப் பற்றிக்கொள்ள வேண்டியது உறுதியான தளம். மணல்வெளியில் அந்தத் தளத்தைத் தருவது சங்கின் முதுகுதான். கோயிலில் முழங்கிய சங்கும், வங்காளத்தில் வளையலாக அறுக்கப்பட்ட சங்கும் வந்த அதே கடலில், அரசு ஏகபோகமாக வைத்திருந்த அந்தச் சங்குக் குளிப்பிலும், இந்த உயிர் குளியாளரின் கைக்கு வந்திருக்க வேண்டும். அதைச் சுரண்டி எறிந்துவிட்டே சங்கை எண்ணியிருப்பார்கள்.

வெட்டிப் பார்த்தால் தெரிவது இதுதான். மேலே இரண்டு குழாய்கள். ஒன்று நீரை உள்ளே இழுக்கும், மற்றது வெளியேற்றும். நடுவில் உடலின் பெரும் பகுதியை அடைத்துக்கொண்டு ஒரு தொண்டைக்கூடை. அதன் நுண்ணிய துளைகளின் வழியே நீர் வடியும்போது மிதக்கும் நுண்ணுயிர்கள் சளியில் சிக்கி வயிற்றுக்குப் போகின்றன. அந்தச் சளியைச் சுரக்கும் பள்ளம் அயோடினைப் பிடித்துவைக்கிறது. நம் கழுத்தில் இருக்கும் தைராய்டு சுரப்பிக்கு மூதாதை அதுவே என்று உடற்கூற்றியலார் கருதுகிறார்கள். இதயம் சிறிது நேரம் ஒரு திசையில் இரத்தத்தைத் தள்ளும். பிறகு நின்று எதிர்த்திசையில் தள்ளும். உடலை மூடியிருக்கும் தடித்த உறையில் செல்லுலோஸ் இருக்கிறது. செடிகளுக்கே உரியது என்று எண்ணப்பட்ட அந்தப் பொருள் ஒரு விலங்கில் இருப்பதை கார்ல் ஷ்மிட் 1845இல் கண்டார். இவற்றையெல்லாம்விட முக்கியமானது அதன் குஞ்சுப் பருவம். தலைப்பிரட்டை போன்ற வடிவம், வால், வாலுக்குள் முதுகுநாண், அதன் மேலே நரம்புக்குழல். ரஷ்ய அறிஞர் கோவலெவ்ஸ்கி 1866இல் இதைக் காட்டும் வரை கடற்பீச்சியை மெல்லுடலிகளோடு சேர்த்தே பேசினார்கள். டார்வின் 1871இல் மனிதனின் வழித்தோன்றலைப் பற்றி எழுதியபோது இந்தக் கண்டுபிடிப்பை எடுத்தாண்டார். சில மணி நேரம் அல்லது ஓரிரு நாள் நீந்திவிட்டு, தலையால் ஒரு தளத்தைப் பற்றி, வாலை உறிஞ்சிக்கொண்டு, வாழ்நாள் முழுவதும் அசையாமல் உட்கார்ந்துவிடும் இந்த உயிர், முத்துச்சிப்பிக்கு இருப்பதைவிட நமக்கு நெருங்கிய உறவு.

விலைபோகாத உயிரையும் எண்ண வேண்டும் என்ற இந்த வாதத்துக்கு முதல் மறுப்பு ஹெர்ட்மேனின் வாழ்க்கையிலிருந்தே வரும். அவர் கடற்பீச்சியை ஆராய்ந்தது ஆர்வத்தால். முத்து வணிகம் இல்லாவிட்டாலும் அதைத்தானே செய்திருப்பார் என்று கேட்கலாம். அவர் செய்திருப்பார் என்பதில் ஐயமில்லை. ஆனால் எந்தக் கடலின் உயிர்களை? சாலஞ்சர் கப்பல் நன்னம்பிக்கை முனையிலிருந்து தெற்கே பனிக்கடலுக்கும் அங்கிருந்து ஆஸ்திரேலியாவுக்கும் சென்றது. மன்னார் வளைகுடாப் பக்கம் அது வரவே இல்லை. இந்தக் கடலுக்கு ஆராய்ச்சி வந்ததெல்லாம் முத்தின் பின்னால்தான். தென்னிந்தியச் சாதிகளைப் பற்றிய பெரும் தொகுப்பால் தமிழர்கள் அறிந்த எட்கர் தர்ஸ்டன், சென்னை அரசு அருங்காட்சியகக் கண்காணிப்பாளராக 1889இல் தூத்துக்குடிக்குப் போனதும் முத்துக்குளிப்பைப் பார்க்கவே. முத்து, சங்கு குளிப்புகளோடு மன்னார் வளைகுடாவின் கடலுயிர்களையும் சேர்த்து 1890இல் அவர் குறிப்புகள் வெளியிட்டார். ஏறத்தாழ அதே காலத்தில் ஹெர்ட்மேன் விவரித்த ஒரு கடற்பீச்சிக்குத் தர்ஸ்டனின் பெயர் வைத்தார்: எக்டினாசிடியா தர்ஸ்டோனி. வணிகம் வண்டியை ஓட்டியது என்பதை நான் மறுக்கவில்லை. வண்டியில் ஏறியவர்கள் சரக்கை மட்டும் பார்க்காமல் வழியையும் பார்த்தார்கள் என்பதே இங்கே பொருட்படுத்த வேண்டியது.

அந்தத் தர்ஸ்டன் இனத்துக்குப் பின்னர் நேர்ந்தது இந்த வாதத்தின் வலுவான சான்று. கரீபியக் கடலில் வாழும் அதன் உறவினமான எக்டினாசிடியா டர்பினாட்டாவின் சாற்றுக்குப் புற்றுநோய்ச் செல்களைத் தடுக்கும் ஆற்றல் இருப்பது 1969இல் தெரியவந்தது. எந்தச் சேர்மம் அதைச் செய்கிறது என்று கண்டறிய இருபது ஆண்டுகளுக்கு மேல் ஆயின. 1990இல்தான் அதன் அமைப்பு வெளியானது. ஒரு கிராம் மருந்துக்கு ஏறத்தாழ ஒரு டன் உயிர் தேவைப்பட்டதால், ஆய்வகத்தில் உருவாக்கும் வழியை அடுத்துத் தேடினார்கள். 1996இல் ஈ. ஜே. கோரியின் குழு அதைச் செயற்கையாகச் சேர்த்தது. பிறகு ஒரு பாக்டீரியாவை வளர்த்து அதிலிருந்து தொடங்கும் எளிய முறையை ஸ்பெயின் நாட்டு நிறுவனமொன்று கண்டது. டிராபெக்டெடின் என்ற அந்த மருந்து மென்திசுப் புற்றுக்காக ஐரோப்பாவில் 2007இலும் அமெரிக்காவில் 2015இலும் ஒப்புதல் பெற்றது. 2002இல் தாய்லாந்து ஆய்வாளர்கள், புக்கெட் கடலில் எடுத்த எக்டினாசிடியா தர்ஸ்டோனியிலிருந்து அதே குடும்பச் சேர்மங்களைப் பிரித்தெடுத்து வெளியிட்டார்கள். அவர்கள் கையில் எடுத்தது எந்த இனம் என்று ஐயமின்றிச் சொல்ல முடிந்தது, ஒரு நூற்றாண்டுக்கு முன் ஒருவர் அதை வரைந்து, விவரித்து, பெயரிட்டு வைத்திருந்ததால். மன்னார் முத்தை அன்று ஏலம் எடுத்தவர்களில் எவரும் இப்படி ஒரு பயனை எதிர்பார்த்திருக்க முடியாது. எதிர்பார்த்து எழுதிவைத்ததும் இல்லை. பயன் தெரியாத காலத்தில் எழுதிவைக்கப்பட்டதே பின்னர் பயன்பட்டது.

இரண்டாவது மறுப்பு கனமானது. அதற்கு நான் பாதி இடம் கொடுக்கிறேன். பார்களின் பெயர், ஆழம், மணலின் தன்மை, நீரோட்டம், எந்தப் பருவத்தில் எங்கே இறங்கலாம் என்பதெல்லாம் குளியாளர்களின் அறிவு. ஹெர்ட்மேன் வருவதற்கு ஆயிரம் ஆண்டுகளுக்கு முன்பே அது இருந்தது. அப்படியிருக்க, அறிவு 1902இல் பிறந்ததைப் போலப் பேசலாமா? பேசக்கூடாது. ஐந்து தொகுதிகளின் முகப்பில் இருப்பவை விஞ்ஞானிகளின் பெயர்கள்; சிப்பியோடு கடற்பீச்சியையும் மேலே கொண்டுவந்த கைகளுக்கு அங்கே இடமில்லை. அது அநீதி என்றே சொல்வேன். ஆனால் குளியாளர்களின் அறிவு ஏன் எழுத்தில் ஏறவில்லை என்று பார்த்தால் திரும்பவும் முத்து ஏலத்திடமே வந்து நிற்கிறோம். மூன்றில் ஒரு பங்குக்கு மூச்சடக்கியவரிடம் எத்தனை சிப்பி என்று மட்டுமே கேட்டார்கள். கடலடியில் என்ன பார்த்தாய் என்று கேட்க எந்த அரசும் ஆள் வைக்கவில்லை. தூத்துக்குடிப் பக்கத்தில் கடைசி முத்துக்குளிப்பு 1961இல் நடந்தது. அந்தப் பருவத்தில் இறங்கியவர்களில் இன்னும் வாழ்பவர்கள் மிக முதியவர்கள். அவர்களோடு அந்த அறிவும் முடிந்துவிடும்.

கடற்பீச்சி தீமை செய்யும் உயிர், அதற்குப் போய் இவ்வளவு பரிவு எதற்கு என்பது மூன்றாவது கேள்வி. தீமை செய்வது உண்மை. மத்திய கடல் மீன்வள ஆராய்ச்சி நிலையம் தூத்துக்குடிக்கு அருகே வேப்பலோடையில் முத்துச்சிப்பிப் பண்ணை வைத்து, 1973இல் கே. அழகர்சாமியின் முயற்சியால் வளர்ப்பு முத்தை உருவாக்கியது. அங்கே கூண்டுகளையும் சிப்பிகளையும் மூடிக்கொண்டு வளர்ந்த உயிர்களைப் பற்றி 1976இல் அவரும் எஸ். செல்லமும் ஓர் ஆய்வுக் கட்டுரை வெளியிட்டார்கள். கொட்டலசு முதலான பலவற்றோடு கடற்பீச்சிகளும் அந்தக் கூட்டத்தில் உண்டு. சிப்பி வடிகட்டும் அதே நீரைத்தான் அவையும் வடிகட்டுகின்றன. அதே உணவுக்குப் போட்டி. கனடாவின் பிரின்ஸ் எட்வர்ட் தீவில் 1990-களின் இறுதி முதல் வெளியிலிருந்து வந்த கடற்பீச்சி இனங்கள் அங்குள்ள மட்டி வளர்ப்போருக்குப் பெரும் செலவு வைத்தன. ஆனால் இந்த மறுப்பு என் வாதத்துக்கே துணை நிற்கிறது. எந்த இனம் ஒட்டியிருக்கிறது, எந்த மாதத்தில் அதன் குஞ்சுகள் படிகின்றன, உள்ளூரா வந்தேறியா என்று தெரிந்தால்தான் கூண்டை எப்போது தூக்கிக் கழுவுவது என்று தெரியும். எதிரியாகவே வைத்துக்கொண்டாலும் அதற்கு ஒரு பெயரும் ஒரு கணக்கும் வேண்டும். மேலும், ஒரு கரையின் எதிரி மற்றொரு கரையில் உணவு. கொரியாவில் மோங்கே, ஜப்பானில் ஹோயா, சிலியில் பியூரே என்ற பெயர்களில் கடற்பீச்சி சந்தையில் விற்கிறது. கொரியாவிலும் ஜப்பானிலும் கயிற்றில் வளர்க்கிறார்கள்.

இதை மலேசியாவில் சிலாங்கூரின் வடகரையில் வாழும் தமிழர்கள் படிக்க வேண்டும் என்று நான் விரும்புவதற்குக் காரணம் உண்டு. கோல சிலாங்கூரிலிருந்து தஞ்சோங் காராங், செகிஞ்சான், சுங்கை பெசார் வழியாக பாகான் நக்கோடா ஓமார் வரையிலான கரை, ஆறுகள் கொண்டுவந்து கொட்டிய சேற்றால் ஆனது. பெரும்பாலான கடற்பீச்சிகளுக்குச் சேறு ஆகாது. பற்றிக்கொள்ளத் தளம் இல்லை. கலங்கிய நீர் தொண்டைக்கூடையை அடைக்கும். படகுத்துறைத் தூண்களும் படகின் அடிப்பாகமும்தான் இங்கே அவற்றுக்குப் பாறை. அந்தச் சேற்றில் தழைத்தது கெராங் என்ற சிப்பி வகை. அதுவும் நீரை வடிகட்டி உண்ணும் உயிர்தான். மலேசியாவில் கெராங் வளர்ப்பு 1948இல் பேராக்கின் பாகான் பஞ்சோரில் தொடங்கியது. 1980இல் நாட்டின் உற்பத்தி 121,000 டன்னை எட்டியது. பின்னர் சிலாங்கூர் முன்னணி மாநிலமாகி, அங்கேயும் விளைச்சல் சரிந்து, 2010-களில் நாட்டின் உற்பத்தி பழைய உச்சத்தின் சிறு பங்காகிவிட்டது. ஆற்று மாசு, குஞ்சுத் தட்டுப்பாடு, வண்டல் என்று காரணங்கள் சொல்லப்படுகின்றன. முத்துப் பார்களுக்கு ஹெர்ட்மேன் சொன்ன பட்டியலை அது நினைவூட்டுகிறது. கெராங் எத்தனை டன் என்ற கணக்கு ஆண்டுதோறும் இருக்கிறது. அதே சேற்றில் அதோடு வாழ்ந்த புழுவும் நத்தையும் நண்டும் அந்தந்த ஆண்டில் எப்படி இருந்தன என்ற தொடர்ந்த கணக்கு இருந்திருந்தால், சரிவின் காரணத்தைத் தேடுவோரின் வேலை எவ்வளவோ எளிதாகியிருக்கும்.

கோல சிலாங்கூரின் கம்போங் குவாந்தான் மின்மினிகள் இதற்கு இன்னும் நெருக்கமான எடுத்துக்காட்டு. சுற்றுலாப் பயணிகள் படகில் போய்ப் பார்ப்பது பெரெம்பாங் மரத்தில் ஒன்றுபோல் மின்னும் வளர்ந்த பூச்சிகளை. அவற்றின் புழுப் பருவம் ஆற்றங்கரைச் சேற்றில் சிறு நத்தைகளைத் தின்று வளர்கிறது. கரையோரச் செடிகளை வெட்டி நிலத்தைத் திருத்தும்போது நத்தை போகிறது. நத்தை போனால் மின்மினி போகும். நத்தைக்கு நுழைவுச்சீட்டு விற்க முடியாது. அதை எண்ணாமல் மின்மினியைக் காக்கவும் முடியாது.

தோட்டத்துத் தமிழர்களுக்கும் இந்தச் சேற்றுக்கும் என்ன தொடர்பு என்று கேட்பவர்கள் இருப்பார்கள். நாகப்பட்டினத்திலும் சென்னையிலும் கப்பலேறி, பினாங்கிலும் போர்ட் சுவெட்டன்ஹாமிலும் இறங்கி, இங்கே ரப்பரிலும் தென்னையிலும் உழைத்தவர்களில் பெரும்பாலோர் உள்நாட்டு மாவட்டங்களின் உழவர் குடிகள். முத்துக்கரையின் பரதவர்கள் அந்தக் கூட்டத்தில் மிகச் சிலர். சிலாங்கூரில் கடல்தொழில் மலாய்க்காரர், சீனர் கைகளிலேயே பெரும்பாலும் இருந்தது. ஆகவே கடலுயிர் நமது பாடம் அன்று என்ற எண்ணம் தோட்டங்களில் வேரூன்றியதில் வியப்பில்லை. ஆனால் மலாயாப் பல்கலைக்கழகத்தின் ஏ. சசேகுமார் 1974இல் கிள்ளான் பகுதிச் சதுப்புக்கரையில் எந்த உயிர் எந்த மட்டத்தில் வாழ்கிறது என்று எழுதிய ஆய்வு, இந்த நாட்டின் அலையாத்திக் காடுகளைப் பற்றிப் பேசும் எவரும் திரும்பிப் பார்க்கும் ஒன்று. 1992இல் அவரும் வி. சி. சோங் முதலானோரும் சிலாங்கூர் அலையாத்திக் காடு மீன்குஞ்சுகளுக்கும் இறால்குஞ்சுகளுக்கும் புகலிடமாவதை எண்ணிக் காட்டினார்கள். சேற்றில் முழங்கால் புதைய நின்று விலையில்லாத உயிர்களை எண்ணியவர்கள் நம் நடுவிலும் இருந்திருக்கிறார்கள்.

எல்லா உயிரையும் எண்ண எந்த அரசிடம் பணம் இருக்கிறது என்பது கடைசி மறுப்பு. 1902இல் இலங்கை அரசிடமும் அதற்கென்று பணம் இல்லை. சிப்பிக்காக ஏற்கெனவே ஓடிய கப்பல், சிப்பிக்காக ஏற்கெனவே வீசிய வலை, அதில் ஏறியதைக் கொட்டிவிடாமல் குப்பியில் போட்டுப் பெயரெழுதி வைத்த பொறுமை, ஒவ்வொரு துறை வல்லுநருக்கும் அஞ்சலில் அனுப்பிய முயற்சி, இவ்வளவுதான் கூடுதல் செலவு. முத்துக்கு ஆன செலவில் அது சிறு பகுதியாகத்தான் இருந்திருக்கும். இன்று பாகான் நக்கோடா ஓமாரில் படகுகள் நாள்தோறும் கடலுக்குப் போய்வருகின்றன, வலைகள் அவிழ்கின்றன, விலைபோகாதவை கடலுக்குத் திரும்பப் போகின்றன. சபாக் பெர்ணத்திலும் கோல சிலாங்கூரிலும் உள்ள தமிழ்ப்பள்ளிகளிலும் இடைநிலைப் பள்ளிகளிலும் அறிவியல் கற்பிக்கும் ஆசிரியர்கள், ஆண்டுக்கு ஒரு முறையாவது மாணவர்களைப் படகுத்துறைக்கு அழைத்துப்போய், தூணில் ஒட்டியிருப்பவற்றையும் வலையில் ஒதுக்கப்பட்டவற்றையும் படமெடுத்து, இடமும் நாளும் குறித்து, பள்ளி நூலகத்தில் ஒரு பதிவேடாகச் சேர்த்துவைக்க வேண்டும். பெயர் தெரியாதவற்றுக்குப் பல்கலைக்கழகங்களில் கேட்டு எழுதலாம். தொடங்குவதற்கு ஒரு கைப்பேசியும் ஒரு நோட்டுப்புத்தகமும் போதும்.